ஸ்டெப்பி புல்வெளி நாடோடிகள் ஏன் உழவில்லை?

மண்வாசி:
செங்கிஸ்கான் இழையில் ஒருவர் "அந்தக் கூட்டத்துக்கு விவசாயம் தெரியாது, தெரிந்திருந்தால் ஏன் கொள்ளையடிக்கப் போகிறார்கள்" என்று ஒரே வரியில் தீர்ப்புச் சொல்லிவிட்டுப் போய்விட்டார். அங்கே பதில் போட்டால் இழை எங்கேயோ போய்விடும், அதனால் தனியாகத் தொடங்குகிறேன்.

ஹங்கேரியில் ஆரம்பித்து உக்ரைன், தெற்கு ரஷ்யா, கசகஸ்தான், மங்கோலியா வழியாக மஞ்சூரியா வரை ஏறக்குறைய 8000 கிலோமீட்டருக்கு ஒரு புல்வெளிப் பட்டை ஓடுகிறது, நடுவில் அல்தாய் மாதிரி மலைகள் குறுக்கிட்டாலும். அதன் மேற்குப் பகுதியில் இருப்பது உலகத்தின் வளமான கரிசல் மண்களில் ஒன்று. இன்றைய உக்ரைன் கோதுமை விளைவது அங்கேதான். அப்படிப்பட்ட இடத்தில் சித்தியர், சர்மேசியர், ஹூணர், கிப்சாக், மங்கோலியர் என்று ஒருவர் பின் ஒருவராக வந்து, இரண்டாயிரம் வருடங்களுக்கு மேல் ஆடு மாடு குதிரைதான் மேய்த்தார்கள். தெரியாமலா, முடியாமலா, வேண்டாமென்றா? விவரம் தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

சும்மாஇருப்பவன்:
மழை இல்லை. இழையை மூடலாம்.

மண்வாசி:
உக்ரைனில் மழை இருக்கிறதே அண்ணே.

உப்புத்தேநீர்:
வேலை நிமித்தம் தெற்கு மங்கோலியாவில் இருந்தவன் நான். சுரங்க வேலைதான், மேய்ச்சல் இல்லை. ஆனால் முகாமைச் சுற்றி இருந்த அத்தனை பேரும் மேய்ப்பர்கள், வாரக் கடைசியில் போக்கிடம் வேறு கிடையாது, அதனால் அவர்கள் கெர்களில்தான் (அந்த வட்டமான கம்பளிக் கூடாரம்) உட்கார்ந்து உப்புப் போட்ட பால் தேநீர் குடித்துக்கொண்டிருப்பேன். உக்ரைனை வேறு யாராவது எடுத்துக்கொள்ளுங்கள், நான் பார்த்த கிழக்குப் பக்கத்தைச் சொல்கிறேன்.

மங்கோலியப் புல்வெளியில் ஆண்டு மழை பெரும்பாலும் 200 முதல் 350 மில்லிமீட்டர், அதுவும் ஜூனிலிருந்து ஆகஸ்ட்டுக்குள் பெய்து முடிந்துவிடும். உறைபனி விழாத காலம் மூன்று மாதம் கிடைத்தாலே பெரிது. குளிர்காலத்தில் மைனஸ் 40 சாதாரணம். இதையெல்லாம்கூடச் சமாளித்துவிடலாம், இந்த மழையை நம்ப முடியாது என்பதுதான் பெரிய தொல்லை. இந்த வருடம் இந்தப் பள்ளத்தாக்கில் கொட்டும், அடுத்த வருடம் மலைக்கு அந்தப் பக்கம். உழுது விதைத்தவன் அங்கேயே மாட்டிக்கொள்வான். மந்தை வைத்திருப்பவன் மழை பெய்த இடத்துக்குப் போய்விடுவான். புல்லை மனிதன் தின்ன முடியாது, ஆடு தின்னும், ஆட்டை நாம் தின்போம், பாலைக் காய்ச்சுவோம், மயிரைத் தட்டிக் கம்பளியாக்கி வீடு கட்டுவோம். கணக்கு அவ்வளவுதான்.

அப்புறம், சினிமாவில் காட்டுகிற மாதிரி யாரும் மனம்போன போக்கில் அலைவதில்லை. ஒவ்வொரு குடும்பத்துக்கும் குளிர்கால இடம், வசந்தகால இடம், கோடை, இலையுதிர் என்று தலைமுறையாக இடங்கள் உண்டு. குளிர்கால இடத்தை ஒரு முறை பார்த்தால் இவர்கள் "நிலையில்லாதவர்கள்" என்று சொல்ல வாய் வராது. குன்றின் தெற்குச் சரிவில், வடகாற்று படாத மடிப்பில், கல் அடுக்கிய பட்டி. உள்ளே தரை முழுக்க ஆட்டுப் புழுக்கை மிதிபட்டு மிதிபட்டுக் கெட்டியாகி மெத்தை மாதிரி கிடக்கும், அதன் மேல்தான் ஆடுகள் ராத்திரி படுக்கும். உறைந்த மண் வயிற்றைத் தொடாது. பிறகு அதையே மண்வெட்டியால் பாளம் பாளமாக வெட்டி எடுத்து உலர்த்தி அடுப்பெரிப்பார்கள். மரமே இல்லாத ஊரில் விறகு அதுதான். அதற்காகவே கோடையில் அந்த இடத்தின் பக்கம் ஒரு ஆட்டைக்கூட விடமாட்டார்கள், அங்கே நிற்கிற புல் குளிர்காலத்துக்கான இருப்பு.

தாரிணி:
நல்ல பதிவு. "தெரியாது" என்கிற பேச்சுக்கு மட்டும் நான் பதில் சொல்கிறேன். கருங்கடலுக்கு வடக்கே உழுகிற சித்தியர்களும் இருந்தார்கள் என்று 2400 வருடங்களுக்கு முன்பே கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் எழுதியிருக்கிறார், தாங்கள் தின்பதற்காக அல்ல, விற்பதற்காகத் தானியம் விளைவித்தார்களாம். கிரேக்கர்களின் ஓல்பியா துறைமுகம் பக்கத்திலேயே இருந்தது. சீனாவை நடுங்க வைத்த சியோங்னு நாடோடிகளை எடுத்துக்கொண்டால், பைக்கால் ஏரிக்குத் தெற்கே இவோல்கா என்ற இடத்தில் அவர்கள் காலத்து ஊரே அகழ்வில் கிடைத்திருக்கிறது, மதில், வீடுகள், கலப்பைக் கொழு உட்பட. மங்கோலியாவில் உய்குர்கள் 8ஆம் நூற்றாண்டில் தலைநகரம் கட்டி அதைச் சுற்றிப் பயிர் செய்தார்கள். ஆக புல்வெளிக்காரர்களுக்குக் கலப்பை தெரியும். எங்கே ஓட்டலாம், எங்கே ஓட்டக்கூடாது என்பதும் தெரியும்.

கி.மு. 513 வாக்கில் பாரசீகப் பேரரசன் டேரியஸ் பெரும்படையோடு சித்தியர்களைத் துரத்திக்கொண்டு போன கதையும் ஹெரோடோட்டஸில் உண்டு. இவர்கள் நின்று சண்டை போடாமல் பின்வாங்கிக்கொண்டே போகிறார்கள், போகிற வழியில் கிணறுகளைத் தூர்த்துவிட்டு, புல்லை அழித்துவிட்டு. வெறுத்துப்போன டேரியஸ் "ஏன் ஓடுகிறாய், நின்று போரிடு, இல்லையென்றால் பணிந்துபோ" என்று ஆள் அனுப்பினான். அதற்கு அவர்கள் அரசன் இடாந்திர்சஸ் சொன்ன பதிலின் சாரம்: நான் ஓடவில்லை, எப்போதும் எப்படி வாழ்கிறோமோ அப்படித்தான் போய்க்கொண்டிருக்கிறோம், எங்களுக்கு நகரமும் இல்லை, பயிரும் இல்லை, எதைக் காப்பாற்ற அவசரமாக உன்னோடு சண்டை போட வேண்டும்? டேரியஸ் வெறுங்கையோடு திரும்பினான். உக்ரைன் கரிசலை ஏன் முழுக்க உழவில்லை என்பதற்கு இதிலேயே பாதிப் பதில் இருக்கிறது. திறந்த சமவெளியில் குதிரைப்படை எந்தத் திசையிலிருந்தும் வரலாம், அங்கே அறுவடைக்காகக் காத்திருப்பவன்தான் முதலில் சாவான்.

கால்நடைமருத்துவர்:
என் துறை என்பதால் மூக்கை நுழைக்கிறேன். மங்கோலியர்கள் ஐந்து கால்நடை என்று சொல்வார்கள்: குதிரை, மாடு (யாக் உட்பட), ஒட்டகம், செம்மறி, வெள்ளாடு. ஐந்தும் ஒரே இடத்தில் ஒரே புல்லைத் தின்பதில்லை. ஒட்டகம் முட்புதரையும் உவர்ப்புச் செடியையும் கடிக்கும். மாடு நாக்கைச் சுற்றி இழுத்துத் தின்பதால் அதற்குப் புல் கொஞ்சம் உயரமாக இருக்க வேண்டும். செம்மறி தரையோடு ஒட்டிக் கொறிக்கும். குதிரை ரொம்ப தூரம் போய் மேயும். செம்மறியையும் வெள்ளாட்டையும் கலந்து ஓட்டுவதற்குக் காரணம் உண்டு: செம்மறி ஒரே இடத்தில் நின்று தின்று தீர்க்கும், வெள்ளாடு சும்மா இருக்காது, முன்னால் நகர்ந்துகொண்டே இருக்கும், மந்தை அதன் பின்னால் போகும். ராத்திரிப் பட்டியில் குளிர் தாங்காத வெள்ளாடு செம்மறிக்கு நடுவில் புகுந்துகொள்ளும்.

பனி விழுந்த பிறகு இன்னொரு வேலை. குதிரை முன்னங்குளம்பால் பனியைச் சுரண்டி அடியில் இருக்கிற காய்ந்த புல்லைத் தின்னும். மாட்டுக்கு அது வராது, முகத்தை நுழைத்துப் பார்த்துவிட்டு நின்றுவிடும். அதனால் பனி அதிகமானால் குதிரையை முதலில் விட்டு, அது கிளறிப்போட்ட இடத்தில் மாட்டையும் ஆட்டையும் மேய்ப்பார்கள். கசக்குகளும் இதையேதான் செய்தார்கள்.

ஒரு சின்ன விஷயம், எனக்கு மிகவும் பிடித்தது. செம்மறிக்குச் சினைக்காலம் ஐந்து மாதம். கடுங்குளிரில் குட்டி விழுந்தால் பிழைக்காது, வசந்தத்தில்தான் விழ வேண்டும். அதனால் கோடையிலிருந்து கிடாயின் வயிற்றுக்குக் கீழே கம்பளித் துண்டு ஒன்றை ஏப்ரன் மாதிரி கட்டிவிடுவார்கள். ஏறினாலும் ஒன்றும் நடக்காது. இலையுதிர் காலக் கடைசியில் நாள் பார்த்து அவிழ்த்துவிடுவார்கள். ஆணுறையை ஆட்டுக்கு மாட்டியவர்களைப் போய் விவசாயம் தெரியாதவர்கள் என்கிறார்கள்.

சும்மாஇருப்பவன்:
டாக்டர், கிடாயின் மனநிலை பற்றி யாராவது ஆராய்ச்சி செய்திருக்கிறார்களா?

கரும்பலகை:
எல்லாரும் சேர்ந்து நாடோடிகளுக்குச் சாமரம் வீசுகிறீர்கள். நடந்ததையும் பேசுவோம். கி.மு. 200இல் சீனாவின் ஹான் பேரரசரையே முற்றுகையிட்டு மடக்கிய சியோங்னுக்கள், அதற்குப் பிறகு பல பத்தாண்டுகள் வருடா வருடம் பட்டும் தானியமும் வாங்கிக்கொண்டுதான் சும்மா இருந்தார்கள், இளவரசிகளை வேறு கட்டிக்கொடுக்க வேண்டியிருந்தது. 13ஆம் நூற்றாண்டில் மங்கோலியர் கையில் மெர்வ், நிஷாப்பூர், பாக்தாத் நகரங்கள் என்ன ஆயின என்று எல்லாருக்கும் தெரியும். கிரிமியத் தாதாரிகள் 18ஆம் நூற்றாண்டு வரை உக்ரைன், ரஷ்ய, போலந்துக் கிராமங்களில் புகுந்து ஆட்களைப் பிடித்துப்போய் அடிமைச் சந்தையில் விற்றார்கள். மேய்ச்சல் நுட்பம் எவ்வளவு அழகாக இருந்தாலும் பக்கத்து உழவனுக்கு இவர்கள் யமன்தான். அந்த ஒருவரி நண்பர் சொன்னது மொட்டையாக இருக்கலாம், முழுப் பொய் இல்லை.

தாரிணி:
கரும்பலகை, படுகொலைகளை யாரும் மறுக்கவில்லை. ஆனால் "தானியம் இல்லை, அதனால் கொள்ளை" என்பதில் நடுவில் ஒரு படி விட்டுப்போகிறது, அது சந்தை. மந்தையை மட்டும் வைத்து வாழலாம், ஆனால் இரும்புச் சட்டி, துணி, தானியம், தேயிலை எல்லாம் வெளியிலிருந்து வர வேண்டும். உழவனுக்கும் குதிரை வேண்டும், சீனாவில் நல்ல போர்க்குதிரை வளர்ப்பது எப்போதுமே கஷ்டம். ஆக இரண்டு பக்கமும் தேவை இருந்தது. சந்தையைத் திறந்து வைத்தால் வியாபாரம், மூடினால் படையெடுப்பு. இதற்குச் சரியான உதாரணம் சீனாவின் மிங் அரசர்கள் காலத்தில் இருக்கிறது. மங்கோலியத் தலைவர் அல்தான் கான் வியாபாரத்துக்கு அனுமதி கேட்டுத் திரும்பத் திரும்பத் தூது அனுப்பினார், மிங் அரசு மறுத்தது, தூதர்களைக் கொன்றதும் உண்டு. 1550இல் அவர் படையோடு பெய்ஜிங் மதில் வரை வந்து புறநகரைக் கொளுத்திவிட்டுப் போனார். 1571இல் உடன்பாடு ஏற்பட்டு எல்லையில் குதிரைச் சந்தைகள் திறந்தன, அந்தப் பக்கத்து எல்லையில் கொள்ளை பெரிதும் அடங்கியது. அதே ஆட்கள், அதே புல்வெளிதான்.

கரும்பலகை:
அல்தான் கான் உதாரணத்தை ஏற்கிறேன். கிரிமியாவுக்கு அது பொருந்தாது, அங்கே அடிமையே சரக்கு. துருக்கிய ஆட்டோமான் பேரரசின் அடிமைச் சந்தை திறந்திருந்ததால்தான் கொள்ளை நடந்தது.

தாரிணி:
அதுவும் சரிதான். கிரிமியாவுக்கு என்னிடம் பதில் இல்லை.

எழுத்தாணி:
மண்வாசியின் கேள்வியைச் சோவியத் அரசு நிஜமாகவே சோதித்துப் பார்த்தது, அதுவும் ஒரு முறை அல்ல. கசகஸ்தானில் நடந்ததைச் சொல்லாமல் இந்த இழை முடியக்கூடாது என்று நினைக்கிறேன்.

1920களின் கடைசியில் சோவியத் அரசு கசக்குகளைப் பார்த்தபோது அவர்கள் கண்ணுக்குத் தெரிந்தது பின்தங்கிய ஒரு கூட்டம். ஓரிடத்தில் குடியமர்த்த வேண்டும், கூட்டுப்பண்ணையில் சேர்க்க வேண்டும், நகரங்களுக்கு இறைச்சியும் தானியமும் வாங்க வேண்டும். அங்கே கட்சியின் பொறுப்பில் இருந்தவர் கோலோஷ்சோகின். முதலில் 1928இல் பெரிய மந்தைக்காரர்களின் சொத்தைப் பறித்தார்கள், பிறகு எல்லாருடைய மந்தையையும். குளிர்காலத் தீவனமோ கொட்டகையோ இல்லாத இடங்களில் ஆயிரக்கணக்கான ஆடுகளை ஒன்றாகக் குவித்தார்கள். மேலே உப்புத்தேநீரும் டாக்டரும் எழுதியதைத் திரும்பப் படித்துப் பாருங்கள், ஒரு மந்தையை ஒரே இடத்தில் நிறுத்தினால் என்ன ஆகும் என்று தனியாகச் சொல்லத் தேவையில்லை. ஆடுகள் நின்ற இடத்திலேயே செத்தன. தானியமே விளைவிக்காத குடும்பங்கள் மீதும் தானியக் கொள்முதல் ஒதுக்கீடு போட்டார்கள், இருந்த கொஞ்ச ஆட்டையும் விற்றுத் தானியம் வாங்கி அரசுக்குக் கொடுத்தவர்கள் உண்டு. சில வருடங்களில் கசகஸ்தானின் கால்நடையில் ஏறக்குறைய 90 சதவீதம் போய்விட்டது. 1930 முதல் 1933 வரையான பஞ்சத்தில் இறந்தவர்கள் சுமார் 15 லட்சம் பேர், அதில் சுமார் 13 லட்சம் பேர் கசக்குகள். கசக் இனத்தில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல். பத்து லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் ஊரைவிட்டு ஓடினார்கள், பலர் சீனாவுக்கும் மற்ற சோவியத் குடியரசுகளுக்கும். சொந்தக் குடியரசிலேயே கசக்குகள் சிறுபான்மை ஆனார்கள். உக்ரைன் பஞ்சம் பற்றி உலகம் பேசுகிற அளவுக்கு இதைப் பற்றிப் பேசுவதில்லை, எனக்கு அது பெரிய ஆதங்கம்.

இரண்டாவது சோதனை 1954இல் சோவியத் தலைவர் குருஷ்சேவ் செய்தது, "கன்னி நிலம்" திட்டம். ஆள் குறைந்துபோன அதே புல்வெளியில் டிராக்டர்களை இறக்கி, கசகஸ்தானில் மட்டும் சுமார் 2.5 கோடி ஹெக்டேர் உழுதார்கள். 1956இல் விளைச்சல் அமோகம், எல்லாருக்கும் பதக்கம். ஆனால் பல்லாண்டுப் புல்லின் வேர்ப்பின்னல்தான் அந்த மண்ணைப் பிடித்து வைத்திருந்தது, அதைப் புரட்டிப்போட்டபின் 1960களின் தொடக்கத்தில் வறட்சியும் காற்றும் சேர்ந்து மேல்மண்ணைத் தூக்கிக்கொண்டு போயின. 1963 விளைச்சல் படுத்ததில் சோவியத் யூனியன் கனடாவிலும் அமெரிக்காவிலும் கோதுமை வாங்க வேண்டி வந்தது. அதே இடத்தில் இன்றும் கோதுமை விளைகிறது, மண்ணை ஆழமாகப் புரட்டாமல், அறுத்த தாளை அப்படியே விட்டு விதைக்கிற முறைக்கு மாறிய பிறகு. தாங்காத நிலங்களை 1990களில் கைவிட்டுவிட்டார்கள்.

மண்வாசி:
எழுத்தாணி, இந்தப் பஞ்சத்தைப் பற்றி இவ்வளவு விவரமாக இப்போதுதான் படிக்கிறேன். மனது கனக்கிறது. நன்றி.

ஒரு சந்தேகம். சோவியத் ஆதிக்கத்தில்தானே மங்கோலியாவும் இருந்தது, அங்கே மட்டும் எப்படி நாடோடிகள் மிஞ்சினார்கள்?

உப்புத்தேநீர்:
அங்கேயும் 1930களின் தொடக்கத்தில் இதே மாதிரி கூட்டுப்பண்ணை முயற்சி நடந்தது. 1932இல் பெரிய கலகம் வெடித்து, மாஸ்கோவே "நிறுத்துங்கள்" என்று சொல்லிப் பின்வாங்கியது. பிறகு 1950களில் மறுபடி கூட்டுப்பண்ணை வந்தபோது மந்தை கூட்டுக்குச் சொந்தம், ஆனால் நகர்வதை யாரும் தடுக்கவில்லை. லாரி கொடுத்து இடம் மாற்ற உதவினார்கள், தீவனக் கிடங்கு கட்டினார்கள், கால்நடை மருத்துவர் வந்தார். வயதான மேய்ப்பர்கள் அந்தக் காலத்தை இன்னும் நல்லவிதமாகவே பேசுவார்கள், கேட்க எனக்கு ஆச்சரியமாக இருக்கும்.

சிக்கல் 1990க்குப் பிறகுதான். கூட்டுப்பண்ணை கலைந்தது, ஆடு மாடு தனியார் வசம் வந்தது, வேலை போன நகரத்து ஆட்களும் மேய்க்க வந்தார்கள். அப்போது இரண்டரைக் கோடியாக இருந்த கால்நடை 2019இல் ஏழு கோடியைத் தொட்டது, மக்கள்தொகையோ முப்பது சொச்சம் லட்சம். இதில் ஒரு பெரிய பங்கு வெள்ளாடு, காரணம் காஷ்மீர் கம்பளி. வசந்தத்தில் ஆட்டைக் கட்டிப்போட்டு இரும்புச் சீப்பால் அடிமயிரை வாரி எடுப்பார்கள், மூட்டை கட்டினால் கையில் காசு. பிள்ளைக்குக் காலேஜ் கட்டணம், மோட்டார் பைக், சோலார் தகடு எல்லாம் அதில்தான். பல குடும்பங்கள் வங்கிக் கடனை வாங்கிவிட்டுக் கம்பளிப் பணத்தை எதிர்பார்த்துக்கொண்டிருக்கும்.

கால்நடைமருத்துவர்:
வெள்ளாடு புல்லை வேரோடு பறிக்கும் என்று பலரும் பழி போடுவார்கள். எண்ணிக்கையையும் ஒரே இடத்தில் தேங்குவதையும் நான் அதைவிடப் பெரிய காரணமாகச் சொல்வேன். கிணறு இருக்கிற இடத்தையும் பள்ளிக்கூடம் இருக்கிற ஊரையும் சுற்றியே மந்தைகள் குவிகின்றன. தூரத்து மேய்ச்சல் சும்மா கிடக்கிறது.

அப்புறம் ஜூட். கடுங்குளிர்காலத்தில் கால்நடை கூட்டம் கூட்டமாகச் சாவதற்கு அங்கே இந்தப் பெயர். பனி ஆழமாக மூடிப் புல் எட்டாமல் போனால் வெள்ளை ஜூட். பனியே விழாமல் குடிக்கத் தண்ணீர் இல்லாமல் போனால் கறுப்பு ஜூட். பனி லேசாக உருகி மறுபடி உறைந்து கண்ணாடித் தகடு மாதிரி ஆகிவிட்டால் இரும்பு ஜூட், குதிரைக் குளம்புகூட உடைக்க முடியாது, சுரண்டிச் சுரண்டிக் கால் கிழிந்து நிற்கும். நெரிசலில் மிதிபட்டுப் புல் அழிந்தால் குளம்பு ஜூட். 2023-24 குளிர்காலத்தில் 70 லட்சத்துக்கு மேல் கால்நடை செத்தது. வறண்ட கோடையில் கொழுப்பு ஏறாமல் குளிர்காலத்துக்குள் நுழைகிற ஆடு பிப்ரவரி மார்ச் தாண்டாது, அவ்வளவுதான்.

கரும்பலகை:
அப்படியென்றால் நாடோடிகளே தங்கள் புல்வெளியைத் தின்று தீர்க்கிறார்கள் என்றுதானே ஆகிறது? முதல் பக்கத்தில் பாடிய புகழ் எங்கே போயிற்று? மேய்ச்சல் நிலத்தைப் பங்கு போட்டுப் பட்டா கொடுத்துவிட்டால் அவனவன் இடத்தை அவனவன் பார்த்துக்கொள்வான்.

எழுத்தாணி:
அதையும் செய்து பார்த்தாயிற்று, சீனாவின் உள்மங்கோலியாவில். 1980களிலிருந்து மேய்ச்சல் நிலத்தைக் குடும்பவாரியாகப் பிரித்துக் கொடுத்தார்கள், கம்பிவேலி வந்தது. வேலிக்குள் மழை பெய்யாத வருடத்தில் போக்கிடம் இல்லை, தீவனம் காசுக்கு வாங்க வேண்டும், மந்தை அதே துண்டை மிதித்துக்கொண்டே இருக்கும். புல் தேறியதாகப் பெரிதாகச் சொல்லிக்கொள்ள ஒன்றும் இல்லை.

உப்புத்தேநீர்:
மங்கோலியாவின் 1992 அரசியல் சட்டப்படி மேய்ச்சல் நிலம் யாருக்கும் தனிச்சொத்தாக முடியாது. குளிர்கால, வசந்தகால இடங்களுக்கு மட்டும் குடும்பத்தின் பெயரில் சான்றிதழ் கிடைக்கும், சுற்றியுள்ள புல் பொது. கரும்பலகை கேட்பதைத் தலைநகர் உலான்பாதரிலும் கேட்கிறார்கள், மேய்ப்பர்களிலேயே இரண்டு கட்சி.

ஜூட் அடித்த மாவட்டத்துக்காரன் மந்தையை ஓட்டிக்கொண்டு நூறு இருநூறு கிலோமீட்டர் தாண்டி வருவான், அது பழைய வழக்கம், தடுக்கக்கூடாது. ஆனால் அவன் இறங்குவது இங்கே இருப்பவன் கோடை முழுக்க ஆடு விடாமல் காப்பாற்றி வைத்த புல்லில். எங்கள் முகாமுக்குப் பக்கத்தில் இருந்த பெரியவர் அப்படி வந்தவர்களைத் திட்டாத நாள் இல்லை, "பைக்கில் வந்து பார்த்துவிட்டுப் போனான், மறுநாள் ஆயிரம் ஆட்டோடு நிற்கிறான்" என்று புலம்புவார். சரி, பட்டா கொடுத்து வேலி போட்டால் சம்மதமா என்று கேட்டேன். வேண்டவே வேண்டாம் என்றார். அடுத்த வருடம் ஜூட் தன் பக்கம் அடித்தால் தானும் இதே மாதிரி வேறு ஒருவர் இடத்தில் போய் நிற்க வேண்டியிருக்கும் என்றார். அப்புறம் மறுபடியும் அந்த ஆயிரம் ஆட்டுக்காரனைத் திட்ட ஆரம்பித்துவிட்டார்.